பிரியம் வரும்வரை

"பிரியம் இல்லாமப் போடுற சோறு பாவமில்லையா, அம்மா?" என்று கேட்டார் தாண்டவராயன்.

மேகம் உரசிப் போகும் மலையில் இருந்த ஒரு சின்ன மடத்தின் குருவைத்தான் எல்லாரும் அம்மா என்றார்கள். தாண்டவராயனுக்கு ஐம்பத்தெட்டு. அம்மா அவரைவிடப் பத்து வயது இளையவர்.

விஷயம் இதுதான். பெற்றவரைப் பிள்ளை காப்பாற்றியாக வேண்டும் என்ற சட்டப்படி, தாண்டவராயன் தன் அப்பாவுக்கு மாதாமாதம் பணம் கொடுக்கச் சொல்லிக் கோட்டாட்சியர் உத்தரவு போட்டிருந்தார். கிழவரே மனு எழுதிக் கொடுத்து வாங்கிய உத்தரவு.

தாண்டவராயனுக்குக் கடைத்தெருவில் மூன்று கடைகள் இருந்தன, வாடகை தவறாமல் வந்தது. மனசுதான் வரவில்லை. அப்பா அவரைப் பதினொரு வயதில் லாரிப் பட்டறையில் கொண்டுபோய் விட்டவர், அப்புறம் எட்டிக்கூடப் பார்க்காதவர்.

சட்டத்துக்குப் பயந்து கொடுத்தால் அது பொய்யாகிவிடாதா, பிரியம் ஊறும்வரை பொறுத்திருந்து முழு மனசோடு கொடுப்பதுதானே தர்மம் என்று நீட்டி முழக்கினார். சொல்லச் சொல்ல அவருக்கே தன்மேல் மரியாதை கூடிக்கொண்டு போயிற்று.

அதுவரை அப்பா எங்கே சாப்பிடுவார் என்று அம்மா கேட்டார்.

கோயில் அன்னதானத்தில்தான், அதுவும் கால் வீக்கம் வடிந்து நடக்க முடிகிற நாளில் மட்டும் என்றார் தாண்டவராயன்.

அம்மா தலையாட்டிவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டார்.

மடத்தில் ஒரு வேளைதான் சோறு, உச்சிப் பொழுதில். அம்மாதான் தன் கையால் பரிமாறுவார். யாரும் கேட்டு வாங்கக் கூடாது, எடுத்துப் போட்டுக்கொள்ளவும் கூடாது.

அன்று பந்தியில் தாண்டவராயன் இலையை மட்டும் விட்டுவிட்டு அம்மா அடுத்த இலைக்குப் போனார்.

மறந்துவிட்டாரோ என்று தாண்டவராயன் நிமிர்ந்து பார்த்தார்.

"இன்னைக்கு உங்க மேல பிரியம் வரல. வந்ததும் போடறேன்," என்றார் அம்மா. குரலில் கோபமே இல்லை.

பந்தி எழுந்தது. மேகம் இறங்கி வந்து மடத்தை மூடிக்கொண்டது. பசி மயக்கத்தில் தூணில் சாய்ந்தவருக்குத் தூக்கமா விழிப்பா என்று தெரியவில்லை.

பந்தி மலையைச் சுற்றிக்கொண்டு நீண்டு போனது. இலைகள் வெள்ளைப் புகைக்குள் மிதந்தன. எல்லா இலையிலும் சோறு இருந்தது, அவர் இலையிலும் பக்கத்து இலையிலும்தான் இல்லை. பக்கத்தில் இருந்தவர் முகம் திருப்பாமலே சொன்னார்:

"வரும்ப்பா. வரும்."

தெரிந்த குரல், அப்பாவுடையது போல. தாண்டவராயனுக்கு அழுகை முட்டியது. யாருக்காக அழுகிறோம் என்று விளங்கவில்லை.

மறுநாள் உச்சிப் பொழுது. இலை முன்னால் உட்கார்ந்தார். எதையும் எதிர்பார்க்கவில்லை.

அம்மா வந்து குனிந்தார். ஆவி பறக்கச் சோறு வைத்தார், ரசம் ஊற்றினார்.

தாண்டவராயனுக்குக் கை நீளவில்லை.

"பிரியம் வந்துடுச்சா, அம்மா?"

"இன்னும் வரல. சாப்பிடுங்க."