முதலில் இறங்குகிறவன் தோற்றவன்

நெருஞ்சிப்பட்டினத்து ராஜாவும் தாழைப்பட்டினத்து ராஜாவும் முப்பது வருஷம் அடித்துக்கொண்டு ஓய்ந்து, சமாதான ஓலையில் முத்திரை வைக்க ஆற்றங்கரைக்கு வந்தார்கள். வந்தவர்கள் யானையை விட்டு இறங்கவில்லை. முதலில் இறங்குகிறவன் தோற்றவனாம். மூன்று நாள் போயிற்று. ராஜாக்களுக்கு மானம் உட்காரும் இடத்தில்தான் இருக்கிறதோ என்னவோ!

யானைக்குத் தழை போடும் காத்தாயி முணுமுணுத்தாள்: "வாயில்லாத ஜீவன் குளிச்சு மூணு நாளாச்சு. இறங்கித் தொலைக்கக் கூடாதா?"

நெருஞ்சி ராஜா காதில் விழுந்துவிட்டது. "அவ்வளவு வாயா உனக்கு? நான் இறங்கவும் கூடாது, உச்சிப்பொழுதுக்குள் முத்திரை விழவும் வேண்டும். இல்லையென்றால் உன் தலை விழும்."

"உத்தரவு சாமி" என்றவள் ஆற்றில் இறங்கி, யானை தேய்க்கும் தேங்காய் மட்டையால் தண்ணீரில் நாலு அடி அடித்தாள். "வாங்கடா செல்லங்களா, குளிக்கலாம்!"

பாகன்களின் அங்குசம் பலிக்கவில்லை. இரண்டு யானைகளும் ஓடிவந்து அக்கடாவென்று தண்ணீரில் சாய்ந்தன. ராஜாக்கள் இருவரும் ஒரே சமயத்தில் முங்கி எழுந்தார்கள். தலைப்பாகைகள் ஜோடியாக மிதந்து போயின.

"அடிப்பாவி, என்னை இறக்கிவிட்டாயே!" என்று கத்தினார் நெருஞ்சி ராஜா.

"நீங்க எங்கே சாமி இறங்கினீங்க? அவரும் இறங்கலை. யானைதானே படுத்துச்சு!"

ராஜாக்கள் ஒருவரையொருவர் பார்த்தார்கள். இடுப்பளவு தண்ணீரில், மூக்கு ஒழுக நின்றபடியே, இருவரும் ஓலையில் முத்திரை வைத்தார்கள்.