பாதியில் நின்றவன்

"மேடம், இந்த வேலை எனக்குச் சரிப்படாது. விட்டுடலாம்னு இருக்கேன்."

சூசைமாணிக்கம் நாற்காலியில் உட்காருவதற்கு முன்பே சொல்லிவிட்டார்.

மின்வாரியத்தில் இருந்த நல்ல வேலையை உதறிவிட்டு, ஐம்பதைத் தாண்டிய வயதில் மனநல ஆலோசகர் ஆனவர். வீட்டில் எல்லாரும் தலையில் அடித்துக்கொண்டார்கள். அவருக்குக் குருவாக வாய்த்த மெஹருன்னிசாவுக்கோ இன்னும் நாற்பது ஆகவில்லை. ஆனாலும் அந்த அம்மாள் முன்னால் இவர் பள்ளிக்கூடப் பையன்தான்.

"என்ன ஆச்சு சார்?"

"ஒரு பையன் வந்துட்டிருந்தான். கூட்டத்தைக் கண்டாலே மூச்சு முட்டும் அவனுக்கு. காலேஜுக்குப் போறதையே நிறுத்திட்டான். அவங்க அப்பாதான் பைக்குல கூட்டிட்டு வருவாரு. கொஞ்சம் கொஞ்சமாத் தேறி, கடைத்தெரு வரைக்கும் நடந்துட்டான்."

"நல்லது."

"என்ன நல்லது? நான் அவசரப்பட்டுட்டேன். அடுத்தது பஸ்ல ஏறிப் பார்ப்போம்னு சொன்னேன். அதோட வர்றதை நிறுத்திட்டான். போன் பண்ணினா எடுக்க மாட்டேங்குறான்."

மெஹருன்னிசா கைப்பையை எடுத்துத் தோளில் மாட்டிக்கொண்டார்.

"மறுபடியும் கதவைச் சாத்திட்டு உட்கார்ந்திருப்பான் மேடம். நான்தான் கெடுத்துட்டேன். மின்வாரியத்துல ஃபியூஸ் போட்டா லைட்டு எரியும். எரிஞ்சா வேலை முடிஞ்சுதுன்னு தெரியும். இங்க என்னத்தைக் கண்டோம்?"

"வாங்க, டீ குடிக்கலாம்."

நான் அழாத குறையாகச் சொல்கிறேன், இவருக்கு டீ கேட்கிறதா என்று சூசைமாணிக்கத்துக்கு எரிச்சல் வந்தது. ஆனாலும் பின்னாலேயே போனார்.

பேருந்து நிலையத்து டீக்கடையில் நல்ல கூட்டம். ஒருவர் வடையைப் பிய்த்துக்கொண்டே அரசியல் பேசினார். ஒரு அம்மாள் டீயில் சர்க்கரை போதாது என்று கடைக்காரரைப் பிடிபிடியென்று பிடித்துக்கொண்டிருந்தார். இரண்டு பேர் போனில் எதையோ பார்த்துச் சிரித்தார்கள்.

"நம்ம மாதிரி ஆளுங்ககிட்ட வந்து அழுதவங்க யாராவது இங்க இருக்காங்களா? பார்த்துச் சொல்லுங்க."

சூசைமாணிக்கம் ஒவ்வொரு முகமாகப் பார்த்தார்.

"அப்படி யாரும் தெரியலையே. எல்லாரும் நல்லாத்தானே இருக்காங்க?"

மெஹருன்னிசா டீயை ஊதிக் குடித்தார்.

"இருக்காங்களா மேடம்? யாரு?"

"முதல் நாள் வர்றவங்ககிட்ட நாம என்ன வாக்குக் கொடுக்கோம் சார்?"

"வெளிய எங்க பார்த்தாலும், நீங்களாப் பேசினாத்தான் நான் பேசுவேன். தெரிஞ்ச மாதிரி காட்டிக்கமாட்டேன்."

"அவ்வளவுதான். வீட்டுக்குப் போங்க. விடுறதா வேண்டாமான்னு நாளைக்குச் சொல்லுங்க."

இதற்கா இவ்வளவு தூரம் வந்தோம் என்று நொந்தபடியே அவர் பேருந்தில் ஏறினார். இடமில்லை. இறங்க வசதியாகப் படிக்கட்டுப் பக்கமே நின்றுகொண்டார்.

அவருடைய நிறுத்தத்துக்கு முந்தைய நிறுத்தத்தில் ஒரு கல்லூரிக் கூட்டம் முண்டியடித்து ஏறியது. ஒரே கூச்சல். நடுவில் ஒரு பையன். தோளில் பை, நெற்றியெல்லாம் வேர்வை, கம்பியை இறுக்கிப் பிடித்த கை.

இசக்கிராஜ். போனை எடுக்காத அதே பையன்.

பெயர் தொண்டை வரைக்கும் வந்துவிட்டது. சூசைமாணிக்கம் பல்லைக் கடித்து விழுங்கினார்.

பையனின் கண் அவர் மேல் ஒரு நொடி நின்றது. பின்னாலிருந்து கூட்டாளி ஒருவன் முதுகில் தட்டி என்னவோ சொன்னான். பையன் சிரித்துவிட்டு இந்தப் பக்கம் திரும்பினான்.

"அண்ணாச்சி, வழியிலேயே நின்னா எப்படி? கொஞ்சம் உள்ள தள்ளிப் போங்க."

அப்பாடா என்றிருந்தது அவருக்கு. கண் நிறைந்துவிட்டது.

பேருந்து நின்றது. அவர் இறங்க வேண்டிய இடம்.

"இந்தா போறேன் தம்பி" என்று அவர் இறங்காமல் உள்ளே தள்ளிப் போனார்.