நேவி ப்ளூவோட எது சேரும்?

ஈரோட்டுல கல்யாண மேடை போடுற பிருந்தாவுக்கு வயசு இருபத்தெட்டு. அவகிட்ட தொழில் கத்துக்கிற வெள்ளியங்கிரி சாருக்கு அறுபது. ஈ.பி. ஆபீஸ்ல ரிட்டயர் ஆன மறுநாளே வந்து சேர்ந்துட்டார். அவ அவரை சார்னு கூப்பிடுவா, அவர் அவளை மாஸ்டர்னு கூப்பிடுவார். பாக்குறவங்களுக்கு யார் சிஷ்யன்னே புரியாது!

அன்னைக்குக் காலையில சிஷ்யர் ஓடி வந்தார். கையில ஒரு அட்டை. அட்டை பூரா துணித் துண்டு.

"மாஸ்டர், ரிசப்ஷனுக்குப் பொண்ணு நேவி ப்ளூ சேலைதான் வேணும்னு நிக்குது. அதோட மேடைக்கு எந்தக் கலர் சேரும்? நாலு நாளா ஒட்டி ஒட்டிப் பாக்குறேன், தூக்கமே இல்ல."

"இன்னைக்குப் பட்டு எடுக்கப் போறாங்கல்ல? யார் யார் வர்றாங்க சார்?"

"நான் கலரைக் கேட்டேன் மாஸ்டர்."

"நான் ஆளைக் கேட்டேன் சார். வண்டிய எடுங்க."

ஜவுளிக்கடை ரெண்டாவது மாடி. ரெண்டு வீட்டு ஆளுங்களும் சேர்த்துப் பதினாலு பேர், பாய்ல உக்காந்திருந்தாங்க. நடுவுல சேலை மலை. முகூர்த்தப் பட்டு அரக்குக் கலர்ல அரை மணி நேரத்துல முடிஞ்சிருச்சு. ரிசப்ஷன் சேலையிலதான் எல்லாம் நின்னு போச்சு.

கல்யாணப் பொண்ணு மௌனிகா அந்த நேவி ப்ளூ பட்டை மடியில வச்சுட்டு விடவே இல்ல. மூணு மாசமா அவ போன் வால்பேப்பரே அந்தச் சேலைதான்! எதிர்ல மாப்பிள்ளையோட அம்மா சம்பூர்ணம்.

"கருப்பு கண்ணு இது."

"இல்லீங்கத்தை, நேவி ப்ளூ."

"நல்லாப் பாரு. கருப்பேதான். நல்ல காரியத்துல கருப்பைக் கட்டிட்டு நின்னா, சனம் உன்னையவா கேக்கும்? என்னையத்தான் கேக்கும்."

மௌனிகாவுக்குக் கண்ணு கலங்கிருச்சு. மாப்பிள்ளை, மேல சுத்துற ஃபேனையே பாத்துட்டு இருந்தார்.

வெள்ளியங்கிரி சார் அட்டையோட குதிச்சார். "அம்மா, இது கூட பீச் கலர் மேடை போட்டா கருப்பாவே தெரியாதுங்க!"

"காய்ச்சல்ல கிடந்து எந்திரிச்ச மாதிரி இருக்குதுங்."

"சில்வர்?"

"பாத்திரக் கடைங்களா?"

"லேவண்டர்?"

"அது என்னங், சாயம் போன கத்திரிக்காயாட்ட!"

பாய்ல எல்லாரும் சிரிச்சுட்டாங்க, மௌனிகாவைத் தவிர. சார் அட்டையை முதுகுக்குப் பின்னாடி வச்சுக்கிட்டார்.

பிருந்தா எந்திரிச்சா. "அம்மா, வெளிச்சத்துல பாக்காம எந்தச் சேலையையும் தள்ளக் கூடாது. வாசலுக்குப் போலாம். நீங்களே எடுத்துட்டு வாங்க. வேற யார் பாத்துட்டு வந்து சொன்னாலும் நீங்க நம்ப மாட்டீங்க."

சம்பூர்ணம் சேலையைத் தூக்கிட்டு இறங்கினாங்க. பின்னாலயே சார்.

வாசல்ல பதினோரு மணி வெயில்.

"தோள்ல போட்டுப் பாருங்கம்மா."

"நானா?"

"சும்மா போடுங்க."

போட்டாங்க. அவங்க கட்டியிருந்தது மாம்பழக் கலர் சேலை. அது மேல நேவி ப்ளூ விழுந்ததும், அடடா! வெயில்ல அது நல்ல நீலமா எந்திரிச்சு வந்துச்சு. மாம்பழக் கலர் இன்னும் பழுத்த மாதிரி ஆயிருச்சு.

வாசல்ல கனகாம்பரம் வித்துட்டு இருந்த அம்மா பூ கட்டுறதையே விட்டுட்டாங்க. "ஏனுங்க, கல்யாணப் பொண்ணே நீங்கதானுங்களா?"

"அட, போங்!" ஆனா சம்பூர்ணம் கடைக் கண்ணாடிக் கதவுப் பக்கம் திரும்பிட்டாங்க. இந்தப் பக்கம் ஒரு தடவை. அந்தப் பக்கம் ஒரு தடவை.

"நீலந்தான்," மெதுவா சொன்னாங்க.

பிருந்தா கேட்டா, "ரிசப்ஷனுக்கு நீங்க என்னங்கம்மா கட்டுறீங்க?"

"என்னைய யாரு கேட்டா?"

பின்னாடியே இறங்கி வந்து படிக்கட்டுல நின்ன மௌனிகா இதைக் கேட்டுட்டா. செருப்பு கூடப் போடாம வெயிலுக்கு ஓடி வந்தா. "அத்தை, இதையே கட்டுங்க! இதே மாம்பழக் கலரு. கட்டிட்டு என் பக்கத்துலயே நில்லுங்க."

"இது பழைய சேலை கண்ணு."

"இருக்கட்டுமுங்கத்தை. இப்ப எவ்ளோ அழகா இருக்கீங்க தெரியுமா?"

சம்பூர்ணம் அவளைப் பாத்தாங்க. நீலப் பட்டை எடுத்து அவ தோள்ல போட்டாங்க. பூக்காரம்மாகிட்ட ரெண்டு முழம் கனகாம்பரம் வாங்கி அவ தலையில வச்சுவிட்டாங்க. அப்புறம் வந்துச்சு பாருங்க ஆர்டர்!

"ஏனுங்ணா, எழுதிக்கோங். மேடை பூரா இந்த மாம்பழ மஞ்சளு. ஓரம் பூரா கனகாம்பரம். நடுவுல எம் மருமக நீலத்துல நிக்கோணும். வெள்ளி, கிள்ளின்னு ஒண்ணு தொங்குச்சு, நானே ஏறிப் பிச்சுப்போடுவேன்!"

சார் அட்டையோட பின்பக்கத்துல வேகவேகமா எழுதினார். மாடியில மாப்பிள்ளை இப்பத்தான் ஃபேனை விட்டுட்டு ஜன்னல் வழியா எட்டிப் பாத்தார்.

திரும்பி வர்றப்ப சிக்னல்ல வண்டி நின்னுச்சு. சாருக்கு சந்தோஷம் தாங்கல.

"மாஸ்டர், நேவி ப்ளூவுக்கு மாம்பழக் கலர்! நாலு நாள் ஒட்டினேன், எனக்குத் தோணவே இல்லையே. உங்களுக்கு முன்னாடியே தெரியுமா?"

"தெரியாது சார்."

"அப்ப அந்தம்மா இன்னைக்குக் கிளிப்பச்சையில வந்திருந்தா?"

"மேடையும் கிளிப்பச்சைதான் சார். பச்சை விழுந்துருச்சு, வண்டிய எடுங்க."