நாள் வழக்கு

நம் சித்திரையும் வைகாசியும் எட்டிப் பார்க்காத ஒரு நாட்டில் வட்டக்கல் என்று ஓர் ஊர் இருந்தது. அங்கே வருஷத்துக்குப் பத்து மாதம், மாதத்துக்கு நாற்பது நாள். ஈசல் மாதம், தும்பி மாதம், புழுதி மாதம் என்று கண்ணில் பட்டதையெல்லாம் மாதங்களுக்குப் பெயராக வைத்திருந்தார்கள்.

ஊர் நடுவே நின்ற ஆண்டுப்பலகைதான் அவர்களுடைய நாள்காட்டி. அதில் நானூறு மரமுளைகள். ஒரு முளை என்றால் ஒரு நாள். விடிந்ததும் ஒரு செப்பு வளையம் தானாகவே ஒரு முளையிலிருந்து அடுத்த முளைக்குத் தாவும். கடைசி முளையைத் தொட்டதும் ஊரில் அத்தனை பேருக்கும் ஒரு வயது கூடிவிடும். தனியாகப் பிறந்தநாள் என்று யாருக்கும் கிடையாது.

வருஷக் கடைசியில் அங்கே நாள் வழக்கு நடக்கும். ஒரு நாளில் தனக்குக் கெட்டது நடந்தது என்று யார் வேண்டுமானாலும் அந்த நாள் மீது வழக்குப் போடலாம். ஊர் கை தூக்கினால் போதும். வழக்குப் போட்டவர் அந்த முளையைப் பிடுங்கி மதிலுக்கு வெளியே எறிந்துவிடுவார். பிறகு அந்த நாள் வரவே வராது.

செங்கல் சூளையில் வேலை செய்த சேந்தியும் ஒருமுறை வழக்குப் போட்டாள். ஈசல் மாதம் பன்னிரண்டாம் நாள் அவள் கணவன் பனையிலிருந்து விழுந்து இறந்திருந்தான். கைக்குழந்தை கொன்றையை இடுப்பில் வைத்துக்கொண்டு பலகை முன்னால் நின்றாள்.

"என் புருஷனைத் தின்ன நாளு இது!"

"மரம் வழுக்கிடுச்சு, சேந்தி. நான் வெறுமனே விடிஞ்சேன், அவ்வளவுதான்" என்றது முளை.

"வாயைப் பாரு அதுக்கு!" என்றது ஊர். கைகள் உயர்ந்தன. சேந்தி முளையைப் பிடுங்கி எறிந்தாள்.

அவள் வழக்கில் நியாயம் இல்லாவிட்டாலும் துக்கமாவது இருந்தது. மற்றவர்களுக்கு அதுவும் இல்லை. எண்ணெய் வணிகர் பூழியன் கால் கட்டைவிரலைக் கல்லில் இடித்துக்கொண்ட நாளைப் பிடுங்கினார். அவர் தங்கை வஞ்சி, மாமியார் மூட்டையோடு வந்து இறங்கிய நாளைப் பிடுங்கினாள். குழம்பு தீய்ந்த நாள், செருப்பு அறுந்த நாள், பக்கத்து வீட்டில் புதுமாடு வாங்கிய நாள் எல்லாம் மதிலைத் தாண்டிப் போய் விழுந்தன. நானூறு முளைகள் குறைந்து குறைந்து அறுபதுக்கு வந்து நின்றன.

"இப்போது என்னிடம் இருப்பதெல்லாம் சொக்கத்தங்கம்" என்று பலகை பீற்றிக்கொண்டது. புதுவருஷப் பாயசம் அடிக்கடி கிடைத்ததில் ஊருக்கும் ஏகக் குஷி. வயது ஓடுவதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

தும்பி மாதம் மூன்றாம் நாள் காலையில் அரசரின் படைத்தலைவர் வந்தார். எல்லையில் சண்டை மூண்டிருந்தது. பதினெட்டு வயது நிறைந்தவர்கள் புறப்பட வேண்டும் என்று சொல்லிப் பெயர்களைப் படித்தார்.

"கொன்றை, சேந்தி மகள்."

சேந்தி சிரித்துவிட்டாள். "ஐயா, ஏதோ தப்பா எழுதியிருக்கீங்க. அது பச்சைப்புள்ள."

பெயரைக் கேட்ட கொன்றை ஓடி வந்தாள். அப்போதுதான் விழுந்த பால்பல் அவள் உள்ளங்கையில் இருந்தது. படைத்தலைவர் பெயர் படிப்பதை நிறுத்தினார். அவர் பலகையைப் பார்த்தார்.

"இவள் பிறந்த பிறகு பதினெட்டு முறை சுற்றியிருக்கிறேன்" என்றது பலகை. "எனக்கு எண்ணத்தான் தெரியும். பல் பார்க்கத் தெரியாது."

"ஐயையோ, குழந்தையாச்சே!" என்று ஊர் அலறியது. பாயசம் குடித்த வாய்கள்தான் அத்தனையும்.

படைத்தலைவர் சேந்தி பக்கம் திரும்பினார். "எனக்கும் புள்ளைங்க இருக்காங்கம்மா. ஆனா பலகை சொல்றதுதான் சட்டம். பொழுது சாயறதுக்குள்ள பிடுங்கின முளை மொத்தத்தையும் திரும்பச் செருகிடுங்க. நானூறு நாள் வருஷத்துல வயசை மறுபடி எண்ணிக்கிறேன்."

"பிடுங்கிய கைதான் செருக வேண்டும்" என்றது பலகை.

சேந்தி மதிலுக்கு வெளியே ஓடினாள். குவியலைக் கிளறி ஈசல் பன்னிரண்டைத் தேடி எடுத்தாள்.

"வந்துடுறியா?"

"கூப்பிட்டா வர்றேன்" என்றது முளை. "ஆனா வருஷா வருஷம் விடிவேன், சேந்தி. வருஷா வருஷம் உனக்கு வலிக்கும்."

"வலிக்கட்டும். வா."

செருகிவிட்டுத் திரும்பியவள் அதிர்ந்து போனாள். நின்ற இடத்தை விட்டு ஒருவர்கூட அசையவில்லை.

பூழியன் தன் கட்டைவிரலைக் குனிந்து பார்த்தார். "அந்த நாளு திரும்பி வந்தா மறுபடியும் இடிச்சுக்குவேனே?"

"எங்க மாமியாரை நீ வச்சுக்கிறியா?" என்றாள் வஞ்சி.

"நான் ஒருத்தன் செருகாட்டி என்ன ஆயிடப் போவுது?" என்று பின்னால் ஒருவர் முணுமுணுத்தார். அங்கே நின்ற எல்லோருக்கும் அதே நினைப்புதான். சேந்தி ஒவ்வொருவர் காலிலும் விழுந்தாள். கால்கள் பின்வாங்கின. சொல்லும்போதே எனக்கு உடம்பு பதறுகிறது, அவர்களுக்குப் பதறவில்லை.

பொழுது சாய்ந்தபோது பலகையில் அறுபத்தொரு முளைகள் இருந்தன.

படைத்தலைவர் நீட்டிய, தன்னைப்போல் இரண்டு மடங்கு உயரமுள்ள ஈட்டியைக் கொன்றை கட்டிப் பிடித்துக்கொண்டாள். பல்லை அம்மாவின் கையில் வைத்தாள். "கூரை மேல நீயே எறிஞ்சிடும்மா. மறந்துடாத." பிறகு பெரியவர்கள் வரிசையில் போய் நின்றுகொண்டாள். சேந்தி கதறினாள். வரிசை நகர்ந்தது.

சீக்கிரமே வருஷக் கடைசி வந்தது. அந்த முறை ஊரே கண்ணீரும் கம்பலையுமாகக் கூடியது. பூழியன்தான் எழுந்து வழக்குப் போட்டார்.

"தும்பி மூணு. கொன்றைக் குட்டியைக் கூட்டிட்டுப் போன பாழாப்போன நாளு. இது நமக்கு வேண்டாம்."

சேந்தி பாய்ந்து போய்ப் பலகையைக் கட்டிக்கொண்டாள். "தொடாதீங்க! எம்பொண்ணைக் கடைசியாப் பார்த்தது அன்னிக்குத்தான். அதையும் பிடுங்கிட்டா எங்கிட்ட என்ன இருக்கு?"

"பாவம், துக்கத்துல என்ன பேசறோம்னே அவளுக்குத் தெரியல" என்றாள் வஞ்சி.

அவளுக்கு நல்லது செய்கிற நினைப்பில், கண்ணைத் துடைத்துக்கொண்டே, ஊர் முழுவதும் கை தூக்கியது.