கடை தூங்கிய மத்தியானம்

முன்னொரு காலத்தில் என்று ஆரம்பித்தால் பொய்யாகிவிடும். சமீபத்தில்தான், ஜப்பானில் ஒரு நெடுஞ்சாலை ஓரத்தில், இருபத்துநாலு மணி நேரமும் திறந்திருக்கும் கடை ஒன்று இருந்தது. தானாகவே நகர்ந்து திறந்து மூடும் அதன் கண்ணாடிக் கதவின் அடியில் ஒரு பூட்டு இருந்தது. மூடாத கடைக்குப் பூட்டு எதற்கு என்று கேட்பீர்கள். அந்தப் பூட்டும் தன்னைத்தானே அதைத்தான் கேட்டுக்கொண்டிருந்தது.

கடை திறந்த அன்று, கதவு பொருத்தியவர் சாவியைப் போட்டு ஒரு தடவை திருகிப் பார்த்து, "சரியா இருக்கு" என்றார். பூட்டு தன் ஆயுளில் உருப்படியாகச் செய்த வேலை அது ஒன்றுதான். அதற்குப் பிறகு தரை துடைக்கிற தண்ணீர் அதன்மேல் தெறித்தது, வருகிறவர்களின் செருப்புச் சேறு ஒட்டியது. யாரும் குனிந்து பார்க்கவில்லை.

சும்மா கிடப்பவர்கள் காதில்தான் ஊர்ப் புலம்பலெல்லாம் வந்து விழும். பூட்டுக்கும் அப்படித்தான்.

"என் சக்கரமெல்லாம் தேஞ்சுபோச்சு. திறக்கிறதும் மூடுறதுமாவே பொழுது போகுது" என்று கதவு முனகியது.

"ஒரு நாள் ஓய்வா இருக்கலாமே. பிடிச்சுக்கத்தான் நான் இருக்கேன்ல?" என்றது பூட்டு.

"மேல பாரு, விளக்கு எரிஞ்சுகிட்டு இருக்கு. அது வேலை செய்யறப்ப நான் மட்டும் மூடிக்கிட்டா நல்லாவா இருக்கும்?"

பூட்டு விளக்கைக் கேட்டது. "எனக்கு மட்டும் ஆசையில்லையா? வாசல் மணி பாவம், தொண்டை கட்டப் பாடிக்கிட்டிருக்கு. அதை இருட்டுல விட்டுட்டு எப்படி அணையறது?" என்றது விளக்கு.

வாசல் மணி, ஆள் நுழையும்போதெல்லாம் ஒரே மெட்டைக் குஷியாகப் பாடும். பாடி முடித்ததும் அதன் குரல் தொங்கிவிடும். "கதவு திறந்தா நான் பாடித்தானே ஆகணும்? கதவை நிறுத்தச் சொல்லு, நானும் நிறுத்திடறேன்" என்றது அது.

இப்படி ஆளாளுக்குக் கை காட்டினார்கள். யாரும் யாரையும் கட்டிப் போட்டு வைக்கவில்லை. முதல் ஆளாக எழுந்து போக ஒருத்தருக்கும் மனசு வரவில்லை, அவ்வளவுதான்.

மனிதர்கள் மட்டும் என்ன வாழ்ந்தார்கள்? கடைக்காரர் இசோகாவா இரவெல்லாம் கல்லாவில் நிற்பார். அவர் மனைவி ஃபுமியே பகலெல்லாம் நிற்பாள். கடைக்கு மேலேதான் வீடு. மாடிப்படியில் ஒருவர் ஏற, ஒருவர் இறங்க, "சாப்பிட்டியா?" என்பார் அவர். "தூங்கினீங்களா?" என்பாள் அவள். அந்தத் தம்பதியின் குடித்தனம் அந்தப் படிக்கட்டிலேயே நடந்து முடிந்துவிடும்.

சாப்பாட்டுப் பெட்டிகளை வேனில் கொண்டுவந்து இறக்கும் குவாபாரா என்ற டிரைவர் ஒருவர் உண்டு. "எனக்காக எந்நேரமும் திறந்து வச்சிருக்கீங்க, மன்னிக்கணும்" என்று அவர் தலை குனிவார். "நான் திறந்து வச்சிருக்கிறதாலதானே நீங்க எந்நேரமும் வரவேண்டியிருக்கு, நீங்கதான் மன்னிக்கணும்" என்று இசோகாவா அதைவிடத் தாழக் குனிவார். இரண்டு பேரும் மன்னிப்புக் கேட்டுக் கேட்டே இளைத்துப்போனார்கள்.

அந்த வருஷக் கடைசியில், படிக்கட்டில் இறங்கிய ஃபுமியே அப்படியே உட்கார்ந்துவிட்டாள்.

"எனக்கு ஒண்ணும் பெரிசா வேண்டாம். புத்தாண்டு அன்னைக்கு ரெண்டு பேரும் ஒண்ணா சாப்பிட்டு, ஒரே நேரத்துல தூங்கணும். நான் தூங்கறப்ப பக்கத்துல உங்க மூச்சுச் சத்தம் கேட்கணும். ஒரே ஒரு மத்தியானம் போதும்" என்றாள்.

இசோகாவா, இந்த மாதிரிக் கடைகளையெல்லாம் நடத்தும் கம்பெனியின் தலைமை அலுவலகத்துக்குச் சொல்லி அனுப்பினார். நிஷிவாகி என்ற அதிகாரி வந்தார். நல்ல மனுஷர், குரலை உயர்த்தத் தெரியாதவர்.

"கூடாதுன்னு நாங்க சொல்லவே இல்லை, இசோகாவா சார்."

"அப்ப மூடிக்கலாமா?"

நிஷிவாகி மூச்சைப் பல்லிடுக்கில் இழுத்து, கழுத்தைச் சாய்த்தார். "கொஞ்சம் கஷ்டம். இதுவரைக்கும் யாரும் செஞ்சதில்லை, பாருங்க."

அந்த ஊரில் 'கொஞ்சம் கஷ்டம்' என்றால் 'முடியாது' என்று அர்த்தம், சின்னக் குழந்தைக்கும் தெரியும். இசோகாவாவுக்கும் தெரியும். ஆனால் படிக்கட்டில் உட்கார்ந்திருந்த மனைவியின் முகமும் அவருக்குத் தெரியும்.

புத்தாண்டு மத்தியானம் அவர் மேஜை இழுப்பறையைக் குடைந்து, ரப்பர் வளையங்களுக்கு அடியில் கிடந்த சாவியைத் தேடி எடுத்தார். கதவில் ஒரு தாள் ஒட்டினார்: 'இன்று ஒருநாள் விடுமுறை. நாளைக் காலை திறப்போம்.' கதவுக்குப் போகும் மின்சாரத்தை நிறுத்தினார். பிறகு முழங்காலிட்டு, பூட்டில் எண்ணெய் விட்டார்.

வேலை மறந்துபோயிருக்குமோ, துரு பிடித்திருக்குமோ என்று பூட்டு பயந்தது. சாவி திரும்பியது. உள்ளே இருந்த நாக்கு தயங்கித் தயங்கி நீண்டு, குழியில் போய் உட்கார்ந்தது.

"பிடிச்சுக்கிட்டேன். இனி நீ தாங்க வேண்டாம்" என்றது பூட்டு.

கதவு ஏற்கெனவே தூங்கிவிட்டது. விளக்கு அணைந்தது. மணி பாதி மெட்டை முணுமுணுத்தபடியே அடங்கியது. மேலே ஃபுமியே மோச்சி என்னும் அரிசி உருண்டை மிதக்கும் சூப்பை இரண்டு கிண்ணங்களில் ஊற்றினாள். இருவரும் எதிரெதிரே உட்கார்ந்து குடித்தார்கள். இசோகாவா டெலிபோன் வயரைப் பிடுங்கிவிட்டு மனைவியின் பக்கத்தில் படுத்தார். கொஞ்ச நேரத்தில் இரண்டு மூச்சுச் சத்தமும் ஒன்றாகக் கேட்டன. பூட்டுக்குப் பெருமை தாங்கவில்லை. இதற்காகத்தான் இத்தனை காலம் சேற்றில் கிடந்தோம் என்று நினைத்துக்கொண்டது.

முதலில் வந்தவர் குவாபாராதான். இருட்டாக இருந்த கடையைப் பார்த்து அவர் சாப்பாட்டுப் பெட்டிகளை அப்படியே கீழே வைத்துவிட்டார். தாளைப் படித்தார். மறுபடியும் படித்தார்.

"விடுமுறையா? இசோகாவா சாரா? அவர் விடுமுறை எடுக்கிற ஆளே இல்லையே."

சிகரெட் வாங்க வந்த பக்கத்து வீட்டுக்காரர் கண்ணாடியைத் தட்டினார். பதில் இல்லை. போன் போட்டார்கள், யாரும் எடுக்கவில்லை. "உள்ள என்னமோ ஆயிடுச்சு. மூடுற கடையா இது?" என்றார் ஒருவர். அதைக் கேட்டு ஒரு அம்மாள் அழவே ஆரம்பித்துவிட்டாள். எல்லோரும் நல்லவர்கள். தலைமை அலுவலகத்துக்கும் தீயணைப்பு நிலையத்துக்கும் தகவல் போயிற்று. புத்தாண்டு விருந்தைப் பாதியில் விட்டுவிட்டு வீரர்கள் ஓடி வந்தார்கள்.

கடப்பாரை கதவிடுக்கில் நுழைந்தது.

"அவங்க தூங்கறாங்க! தூங்கத்தான் செய்யறாங்க!" என்று பூட்டு கத்தியது. பூட்டின் குரல் யாருக்குக் கேட்கும்? அது பல்லைக் கடித்துக்கொண்டு நின்றது. இரண்டு பேர் சேர்ந்து நெம்பினார்கள், மூன்றாவது ஆளும் சேர்ந்தார். பூட்டு தன்னால் முடிந்தமட்டும் தாங்கி, கடைசியில் இரண்டாகப் பிளந்து விழுந்தது.

எல்லோரும் மாடிக்கு ஓடினார்கள். கணவனும் மனைவியும் அருகருகே, வாய் லேசாகத் திறந்து, தூங்கிக்கொண்டிருந்தார்கள். குவாபாரா அவர்களைப் பிடித்து உலுக்கினார். இசோகாவா கண் திறந்தார். அறை முழுக்கத் தலைக்கவசங்கள், கண்ணீர் வழியும் முகங்கள்.

"உயிரோட இருக்கீங்களே, அது போதும் சார், அது போதும்" என்று குவாபாரா தேம்பினார்.

இசோகாவா எழுந்து மண்டியிட்டு, நெற்றி தரையில் படக் குனிந்தார். ஃபுமியேவும் பக்கத்தில் குனிந்தாள். "எல்லாருக்கும் பெரிய தொந்தரவு கொடுத்துட்டோம்" என்றார்கள் இருவரும்.

வெளியே இருட்டிவிட்டது, நல்ல குளிர். இவ்வளவு தூரம் ஓடி வந்தவர்களைச் சும்மா அனுப்ப முடியுமா? இசோகாவா கீழே இறங்கி விளக்கைப் போட்டார். சூடாகத் தேநீர் ஊற்றினார். ஒருவர் சிகரெட் கேட்டார், ஒருவர் ரொட்டி கேட்டார். பிளந்த கதவு மூட முடியாமல் அகலத் திறந்து நின்றது. மணி திடுக்கிட்டு விழித்து, நுழைந்த ஒவ்வொருவருக்கும் பாடத் தொடங்கியது.

நிஷிவாகி வேர்க்க விறுவிறுக்க வந்து சேர்ந்தார். இசோகாவாவைக் கட்டிப்பிடிக்காத குறையாக நலம் விசாரித்தார். "கதவை நாளைக்கே சரிசெஞ்சு கொடுத்துடறோம். ஆனா பூட்டு இருந்ததாலதானே இவ்வளவு ஆபத்து? புதுக் கதவுல அது வேண்டாமே" என்றார். சுற்றி நின்றவர்கள் ஆமாம் ஆமாம் என்று தலையாட்டினார்கள். யாரோ பூட்டின் துண்டுகளைப் பெருக்கிக் குப்பைத் தொட்டியில் போட்டார்கள்.

ஃபுமியே படிக்கட்டின் அடியில் நின்று கணவரைப் பார்த்தாள்.

"நீ போய்ப் படு. இது என் முறை" என்றார் அவர்.

அவள் மட்டும் படியேறிப் போனாள். ஒரு நல்ல உயிரைக் காப்பாற்றிய திருப்தியில், மற்றவர்களெல்லாம் அவரவர் வீட்டுக்குப் போய் நிம்மதியாகத் தூங்கினார்கள்.