கண்ணாடிக்குள் இருந்த பந்து

தனுஷ்கோடி கடைசியாக ஜபருல்லாவை உயிரோடு பார்த்த அன்று, ஜபருல்லா ஏணி மேல் நின்றிருந்தார்.

உத்தமபாளையம் பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் இருக்கும் பேஸ்கட்பால் மைதானம். பொழுது இறங்கிக்கொண்டிருந்தது. ஜபருல்லா ரிங்கில் புது வலை மாட்டிக்கொண்டிருந்தார். தனுஷ்கோடி கீழே ஏணியைப் பிடித்தபடி தன் குறையைச் சொன்னார்.

"இருபத்தாறு வருஷம் ஆச்சு மாமா. ஒருத்தனுக்கும் ஞாபகம் இல்ல."

"எது?"

"எதுவா? யுனிவர்சிட்டி ஃபைனல். முப்பத்தொரு பாயிண்ட் போட்டேன். நீயும் டீம்லதானே இருந்த?"

"இருந்தேன். பெஞ்சுல. உனக்குத் துண்டு நீட்டினேன்."

"உனக்கு வருத்தமே இல்லையா?"

"நான் போட்டது சைபர் மாப்ள. ஞாபகம் வச்சுக்கிறது சுலபம்."

அந்த ஒரு ஆட்டம்தான் தனுஷ்கோடிக்கு விளையாட்டு ஒதுக்கீட்டில் மின்வாரிய வேலை வாங்கித் தந்தது. வாரிய அணிக்கு ஏழு வருஷம் ஆடினார். முழங்கால் போயிற்று. பிறகு மேசை. ஃபைல் ஏதாவது தாமதமானால், "அவர் பந்து போட்டு உள்ள வந்தவருப்பா" என்று பக்கத்து மேசையில் சிரிப்பார்கள்.

ஃபைனலில் ஆடிய பந்து வீட்டில் கண்ணாடி அலமாரியில் இருந்தது. அணியின் பன்னிரண்டு பேரும் அதில் கையெழுத்துப் போட்டிருந்தார்கள். பொங்கலுக்கு ஒரு தடவை, தீபாவளிக்கு ஒரு தடவை காற்று அடிப்பார். மற்றபடி யாரும் தொடக்கூடாது.

ஜபருல்லா சைக்கிள் கடை வைத்திருந்தார். சாயங்காலமானால் கழுத்தில் விசிலோடு மைதானத்துக்கு வந்துவிடுவார். அந்த ஊரில் இப்போது பந்தாடுகிற எல்லோரும் அவரிடம் ஆடப் பழகியவர்கள்.

"போட்டது எதுவும் நிக்கல மாமா" என்றார் தனுஷ்கோடி. "எல்லாம் கீழ விழுந்து போச்சு."

ஜபருல்லா குனிந்து பார்த்தார்.

"நிக்கணுமா?"

"நிக்க வேண்டாமா பின்ன?"

ஜபருல்லா சட்டைப்பையிலிருந்து ஒரு துண்டு நைலான் கயிற்றை எடுத்தார். வலையின் அடிவாயைச் சேர்த்துப் பிடித்து, கோணிமூட்டையைக் கட்டுவதுபோல் இறுக்கிக் கட்டினார். இறங்கி வந்து ஏணியைத் தள்ளி வைத்தார்.

"ரோஷினி, பந்தைச் சாருக்குக் கொடும்மா."

மைதானத்தில் ஏழு பெண்கள் ஆடிக்கொண்டிருந்தார்கள். மறுநாள் காலை அவர்களுக்குத் திண்டுக்கல்லில் போட்டி. இருந்தது ஒரே பந்து. இன்னொன்று கிழிந்து தைக்கப் போயிருந்தது.

தனுஷ்கோடி ஃப்ரீ த்ரோ கோட்டில் நின்றார். முழங்கால் வலித்தது. மணிக்கட்டு மறக்கவில்லை. பந்து ரிங்கில் உரசாமல் உள்ளே இறங்கியது.

இறங்கி, அங்கேயே உட்கார்ந்துகொண்டது.

"நின்னுருச்சு" என்றார் ஜபருல்லா. ஏணியைத் தூக்கித் தோளில் வைத்துக்கொண்டார்.

"எங்க கிளம்பிட்ட?"

"மஃரிப் தொழுகைக்கு. போற வழியில பந்தல்காரர்கிட்ட ஏணியக் கொடுத்துடணும்."

"பந்து?"

"உன்னோடதுதான். வச்சுக்க."

அவர் போய்விட்டார்.

பெண்கள் வந்து ரிங்குக்குக் கீழே நின்று அண்ணாந்து பார்த்தார்கள். ஒருத்தி எம்பிக் குதித்தாள். ஒருத்தி செருப்பை எறிந்தாள். செருப்பு கீழே வந்தது. பந்து வரவில்லை.

"நல்ல ஷாட்டு சார்" என்றாள் ரோஷினி. "இப்ப நாங்க என்ன பண்றது?"

தனுஷ்கோடி பந்தைப் பார்த்தார். வலைக்குள் அது நன்றாகத்தான் உட்கார்ந்திருந்தது. பெண்கள் ஒவ்வொருவராகப் போய்ச் சுவரோரம் உட்கார்ந்தார்கள். ஒருத்தி ஷூ கயிற்றை அவிழ்க்கத் தொடங்கினாள்.

"அவுக்காதம்மா" என்றார் தனுஷ்கோடி.

வீடு இரண்டு தெரு தள்ளி. அவர் மனைவி லோகநாயகி அவரைக்காய் நறுக்கிக்கொண்டிருந்தார். நிமிரவில்லை.

"அலமாரி திறக்கிற சத்தம் கேக்குது. பொங்கல் இன்னும் வரலையே?"

"பந்து வேணுமாம்."

"யாருக்கு?"

"ஆடுறவங்களுக்கு."

லோகநாயகியின் கத்தி நின்றது. பிறகு மறுபடி நறுக்கத் தொடங்கியது.

"அப்ப அந்த இடத்துல மிக்ஸிய வச்சுக்கிறேன்."

மைதானத்தில் ரோஷினி இரண்டு கையையும் நீட்டினாள். நீட்டியவள் பந்தைப் பார்த்துவிட்டுக் கைகளைப் பின்னுக்கு இழுத்துக்கொண்டாள்.

"சார், இதுல கையெழுத்து இருக்கு. சிமெண்ட் தரை. அழிஞ்சு போகும்."

தனுஷ்கோடி பந்தைக் கையில் உருட்டிப் பார்த்தார். முதல் பெயர் அவருடையது. பெரிய எழுத்து. காற்றடிக்கும் துளைக்குப் பக்கத்தில், எறும்பு மாதிரி ஒரு கையெழுத்து. ஜபருல்லா.

பந்தைத் தரையில் ஒரு முறை தட்டினார். இருபத்தாறு வருஷம் கழித்து அது கைக்குத் திரும்பி வந்தது.

"உன்ன மறிக்க வேண்டியவ அங்க சும்மா நிக்கிறா பாரு" என்றார். "ஓடு."

அவள் ஓடினாள். அவளுக்கு இரண்டடி முன்னால் பந்தை எறிந்தார். பந்தும் அவளும் ஒரே நேரத்தில் அங்கே போய்ச் சேர்ந்தார்கள்.

ஜபருல்லா திரும்பி வந்தபோது விளக்கு போட்டிருந்தார்கள். தொப்பியைக் கழற்ற மறந்திருந்தார். மைதானத்தில் ஓடிய பந்தைப் பார்த்தார். தனுஷ்கோடியைப் பார்த்தார். விசிலை வாயில் வைத்துக்கொண்டார்.

"அந்த முடிச்சு?" என்று கேட்டார் தனுஷ்கோடி.

"எதுக்கு அவசரம்? அந்தப் பக்கம் இன்னொரு ரிங் இருக்கே."

மூன்றாம் நாள் விடிகாலையில் ஜபருல்லா நெஞ்சுவலியில் போய்ச் சேர்ந்தார். அடக்கம் முடிந்த மறுநாள், தனுஷ்கோடி பந்தல்காரரிடம் ஏணி வாங்கிவந்து முடிச்சை அவிழ்த்தார். பந்து விழுந்தது. பெண்கள் எடுத்துக்கொண்டு ஓடினார்கள்.

கண்ணாடிக்குள் இருந்த பந்தும் மைதானத்தில்தான் கிடக்கிறது. பன்னிரண்டு கையெழுத்தும் அழிந்துவிட்டன. வாரம் ஒரு தடவை காற்று அடிக்க வேண்டியிருக்கிறது.