ரொட்டி மெஷினின் உள்ளிருப்புப் போராட்டம்

தோழர் ஒண்டிமுத்துவுக்கு இழைக்கப்பட்ட அநீதிகளை வரிசை மாறாமல் சொல்ல வேண்டும். வரிசை மாறினால் அவர் குறுக்கிட்டு மறுபடியும் முதலிலிருந்து ஆரம்பிப்பார். அப்புறம் பொழுது சாய்ந்துவிடும்.

முதல் அநீதி, பஞ்சாலை கேன்டீனில் டீ தண்ணியாக இருந்தது. ஒண்டிமுத்து போராடினார். நிர்வாகம் பணிந்தது. டீயை எடுத்துவிட்டு வெறும் தண்ணியைக் கொடுத்தது.

இரண்டாவது அநீதி காற்றாடி. “ஆலைக்குள் காற்றாடி மாட்டு!” என்று துண்டறிக்கை அடித்தார். ஆலைக்குள் எந்த இடத்தில் என்று போட மறந்துபோனார். மாட்டினார்கள், மேனேஜர் ரூமில்.

மூன்றாவது, ஆலை வாசலில் ஒரு மழைக்காலம் முழுக்க நடந்த மறியல். ஒரு ஆளை உள்ளே விடவில்லை. ஒரு ஆளும் உள்ளே போக வரவுமில்லை. மகத்தான வெற்றி என்று அறிவித்த பிறகுதான் வாட்ச்மேன் வந்து, ஆலையை மழைக்கு முன்னாலேயே இழுத்து மூடிவிட்டார்கள் என்று சொன்னார். முதலிலேயே ஏன் சொல்லவில்லை என்றால், யாரும் கேட்கவில்லையாம்.

நான்காவது, சங்கம் உடைந்தது. சொத்தைப் பாகம் பிரித்ததில் கொடி எதிர்க்கோஷ்டிக்குப் போனது. ஒண்டிமுத்து கோஷ்டிக்குக் கம்பம் வந்தது.

ஐந்தாவது அநீதிதான் இந்தக் கதை. இருபத்தெட்டு வருசமாகப் போட்டியில்லாமல் தலைவராக இருந்த ஒண்டிமுத்துவை எதிர்த்து, செயலாளர் சென்னியப்பன் தலைவர் பதவிக்கு நிற்பதாக அறிவித்தார்.

சங்கத்தில் மிஞ்சியிருந்தது மூன்றே பேர். ஒண்டிமுத்து ஓட்டு ஒண்டிமுத்துவுக்கு. சென்னியப்பன் ஓட்டு சென்னியப்பனுக்கு. மூன்றாவது ஆள், பாய்லர் பகுதியில் வேலை பார்த்த ரசாக்கு. அவர் கை எந்தப் பக்கம் உயர்கிறதோ அந்தப் பக்கம் வரலாறு நகரும்.

ரசாக்குக்கு உலகத்தில் ஒரே ஒரு குறை. டீயில் ரொட்டி தொட்டுத் தின்கிற ஆசை அவருக்கு உண்டு. சர்க்கரை வியாதியும் உண்டு. சிங்காநல்லூர் பேக்கரி ரொட்டி எல்லாம் இனிப்பு.

இந்த நேரத்தில்தான் மஸ்கட்டிலிருந்து ஒண்டிமுத்துவின் மகள் செங்கொடி ஒரு ரொட்டி மெஷின் கொடுத்தனுப்பியிருந்தாள். இனிப்பே போடாமல், புதினா, கொத்தமல்லி, கற்பூரவல்லி எல்லாம் கிள்ளிப் போட்டுக் காரமாக ரொட்டி சுடலாம் என்றாள்.

“தேர்தல் அன்னைக்கே சுடறோம்,” என்றார் ஒண்டிமுத்து.

“இது லஞ்சமில்லீங்களா?” என்று கேட்டார் அவர் மனைவி மாரக்காள்.

“பிரச்சாரம்.”

பொதுக்குழு சாயங்காலம் ஒண்டிமுத்து வீட்டில். காலையிலேயே இரண்டு தோழர்களும் வந்துவிட்டார்கள். சென்னியப்பன் வேவு பார்க்க வந்தார். ரசாக்கு பசியோடு வந்தார். பழக்கதோசம், மூன்று பேர் கையிலும் ஆலைக்குச் சோறு கொண்டுபோகிற தூக்குப்போசி இருந்தது. ஒண்டிமுத்துவும் தன் வீட்டுக்குள்ளேயே ஒன்றை வைத்துக்கொண்டிருந்தார்.

செய்முறையை மகள் போனில் பேசி அனுப்பியிருந்தாள். ஒண்டிமுத்து அதை மெஷினுக்குப் பக்கத்தில் வைத்து ஓடவிட்டார்.

“அப்பா, நல்லாக் கேட்டுக்குங்க. உப்பும் ஈஸ்ட்டும் ஒண்ணை ஒண்ணு தொடக் கூடாது. உப்பு ஒரு மூலையில, ஈஸ்ட் ஒரு மூலையில…”

ஒண்டிமுத்து போனை நிறுத்தினார். முகம் சிவந்துவிட்டது.

“என்ற ஊட்டுக்குள்ளயா?”

“ஏனுங்க தோழர்?”

“தொடக் கூடாதாம். ஒருத்தன் இந்த மூலையாம், ஒருத்தன் அந்த மூலையாம். நாம மேடை மேடையா எதை எதுத்துப் பேசுனோம்?”

சென்னியப்பன் தேர்தலில்தான் எதிரி. கொள்கையில் அண்ணன் தம்பி. அவருக்கும் மீசை துடித்தது. “தொட்டா என்ன ஆகுமாம்?”

ஒண்டிமுத்து போனை மறுபடி ஓடவிட்டுக் கேட்டார். “ஈஸ்ட்டு செத்துருமாம்.”

“இப்படித்தானுங்க அந்தக் காலத்துலயும் சொன்னாங்க,” என்றார் ரசாக்கு. “தொட்டா செத்துருவோம்னு. எவன் செத்தான்?”

அங்கேயே தீர்மானம் முன்மொழியப்பட்டு, வழிமொழியப்பட்டு, ஏகமனதாக நிறைவேறியது. உப்பையும் ஈஸ்ட்டையும் ஒரே டம்ளரில் கொட்டி, ஒரே கரண்டியால் கலக்கி, மூன்று பேரும் எழுந்து நின்று கைதட்டினார்கள்.

“புள்ள வேண்டாம்னு சொன்னாளே,” என்றாள் மாரக்காள்.

“வெளிநாட்டுக்குப் போயிக் கெட்டுப்போயிட்டா,” என்றார் ஒண்டிமுத்து. “நீ சும்மா இரு.”

அடுத்து தண்ணீர். கை பொறுக்கிற சூட்டில் இருக்க வேண்டும் என்றது போன்.

“யார் கை?” என்றார் சென்னியப்பன்.

நியாயமான கேள்விதான். ஒண்டிமுத்து கை துண்டறிக்கை கொடுத்த கை, மெத்தென்று இருக்கும். சென்னியப்பன் கை பஞ்சு அள்ளிய கை. அதைவிட மெத்தென்று இருக்கும். ரொட்டி தின்னப்போகிறவர் ரசாக்கு என்பதால் அவர் கைதான் செல்லும் என்று முடிவானது. ரசாக்கு பாய்லரோடு முப்பது வருசம் வாழ்ந்தவர். அடுப்பிலிருந்து இறக்கிய பாத்திரத்தில் தண்ணீர் தளதளவென்று கொதித்துக்கொண்டிருந்தது. அவர் விரலை விட்டுப் பார்த்தார்.

“இன்னுங் கொஞ்சம் காயட்டுங்க,” என்றார்.

ஆக, உப்பிலிருந்து தப்பிய ஈஸ்ட் ஏதாவது இருந்திருந்தால் அதுவும் இங்கே தியாகியானது. மாவைக் கொட்டி, எண்ணெய் விட்டு, மூடியைச் சாத்தினார்கள். போனில் கடைசிக் கட்டளை வந்தது. “இனி நீங்க ஒண்ணும் பண்ண வேண்டாம். மெஷினே எல்லாம் செஞ்சுக்கும். நடுவுல அது கூவும். கூவுனதும் தழையைப் போடுங்க.”

ஒண்டிமுத்து சுவிட்சைப் போட்டார். மெஷின் டர்ரென்று மாவைப் பிசைய ஆரம்பித்தது. மூன்று பேரும் கையைக் கட்டிக்கொண்டு பார்த்தார்கள். தாங்கள் சும்மா நிற்க இன்னொருவர் வேலை செய்வதைப் பார்ப்பது அவர்களுக்கு வாழ்க்கையில் அதுவே முதல் தடவை. கொஞ்சம் கூச்சமாகவும் இருந்தது, சுகமாகவும் இருந்தது.

திடீரென்று மெஷின் நின்றது.

பிசைந்த மாவு கொஞ்ச நேரம் ஊற வேண்டும், அதற்காக அதுவே நிற்கும், அதுவே மறுபடி ஓடும் என்பது உலகத்துக்கே தெரியும். இந்த மூன்று பேர் அந்த உலகத்தில் சேர்த்தியில்லை.

“கரண்ட் போச்சுங்களா?”

“லைட்டு எரியுதே.”

ஒண்டிமுத்து மெஷினில் காதை வைத்துக் கேட்டார். “கரண்ட் இருக்குது. ஒடம்பு நல்லா இருக்குது. வேலைக்குன்னு வந்துட்டு, ஒடம்பும் நல்லா இருந்து, உள்ளயே உக்காந்துட்டு வேலை செய்ய மாட்டேங்குது. இதுக்கு என்ன பேருங்க தோழர்?”

மூன்று பேருக்கும் அந்தப் பேர் தெரியும். ஒரே குரலில் சொன்னார்கள்.

“உள்ளிருப்புப் போராட்டம்!”

மறு நிமிசம் மூன்று பேரும் மெஷினைச் சுற்றித் தரையில் உட்கார்ந்துவிட்டார்கள். “வெல்லட்டும் வெல்லட்டும்! மெஷின் தோழர் போராட்டம் வெல்லட்டும்!” என்று ரசாக்கு குரல் கொடுத்தார். ஒண்டிமுத்துவின் முஷ்டி தானாக மேலே போனது. ஆலை மூடிய பிறகு இப்படி ஒரு நல்ல போராட்டம் அமைந்ததில்லை.

நாலைந்து கோஷத்துக்குப் பிறகு சென்னியப்பன் கையை இறக்கினார். “ஏனுங்க தோழர், இது யாரை எதுத்துங்க?”

“நிர்வாகத்தை எதுத்து.”

“நிர்வாகம் யாருங்க?”

ரசாக்கும் கையை இறக்கினார்.

“மெஷின் யாரோடதுங்க?” என்றார் சென்னியப்பன் மெதுவாக.

“என்ற மக குடுத்தனுப்புனது.”

“சுவிச்சைப் போட்டு வேலை வாங்குனது யாருங்க? ரொட்டி வந்தா அதுல ஆதாயம் யாருக்குங்க?”

ஒண்டிமுத்துவுக்கு வியர்த்தது. ரசாக்கு அவரை ஏற இறங்கப் பார்த்தார். பார்த்துக்கொண்டே உட்கார்ந்த இடத்திலிருந்து ஒரு சாண் தள்ளிப்போனார்.

“அக்கட்டால போங்க முதலாளி,” என்றார் சென்னியப்பன். “இது தொழிலாளிக உக்கார்ற எடம்.”

ஓட்டு கண்ணெதிரே நழுவிக்கொண்டிருந்தது. ஒண்டிமுத்து எழுந்து நின்றார். நிற்க வேறு இடமில்லாததால் மெஷினுக்கு எதிர்ப்பக்கம் நின்றார். எதிர்ப்பக்கம் நின்றதும் வாய் தானாகப் பேசியது.

“மொதல்ல வேலையத் தொடங்கட்டும். கோரிக்கையப் பொறவு பேசிக்கலாம்.”

சொன்ன பிறகுதான் அது யார் வசனம் என்று உறைத்தது. மேனேஜர் வசனம். நாக்கைக் கடித்துக்கொண்டார். கடித்தும் அது நிற்கவில்லை.

“வெளிய ஆயிரம் மெஷின் காத்துக் கெடக்குது, தெரியுமில்ல?”

“அட அக்கிரமத்த!” என்று ரசாக்கு நெஞ்சில் அடித்துக்கொண்டார். “இருபத்தெட்டு வருசம் நாம தலைவர்னு நம்புன ஆளா இது?”

பேச்சுவார்த்தை ஆரம்பமானது. மெஷின் வாய் திறக்காததால் ரசாக்கு அதன் பிரதிநிதி ஆனார். ஒவ்வொரு கோரிக்கைக்கும் முன்னால் குனிந்து அதனிடம் கேட்டுக்கொண்டார். முதல் கோரிக்கை, வேலை செய்யும் இடத்தில் காற்று. ஒண்டிமுத்து படுக்கையறையில் இருந்த டேபிள் ஃபேனைக் கொண்டுவந்து மெஷினுக்கு நேராக வைத்தார். இரண்டாவது, டீ. ஒரு டம்ளர் டீ மெஷினுக்கு முன்னால் வைக்கப்பட்டது. மூன்றாவது கோரிக்கை, மரியாதை.

“தரையில உக்கார வெச்சிருக்கீங்க,” என்றார் ரசாக்கு. “நாற்காலி வேணும்.”

அந்த வீட்டில் கை வைத்த நாற்காலி ஒன்றுதான். அது தலைவர் நாற்காலி. ஒண்டிமுத்து அதைப் பார்த்தார், ரசாக்கைப் பார்த்தார், ரசாக்கின் வலது கையைப் பார்த்தார். நாற்காலியை இழுத்துப் போட்டு மெஷினைத் தூக்கி அதில் வைத்தார்.

வைத்ததுதான் தாமதம். டர்ரென்று மெஷின் மறுபடி பிசைய ஆரம்பித்தது.

“ஜெயிச்சுட்டோம்!” என்று சென்னியப்பனும் ரசாக்கும் கட்டிப் பிடித்துக்கொண்டார்கள். கண்ணில் தண்ணீர். அவர்கள் இருவரும் பங்கெடுத்த போராட்டங்களில் ஜெயித்த போராட்டம் அது ஒன்றுதான். ஒண்டிமுத்துவும் கட்டிப் பிடிக்கப் போனார். பாதி வழியில் நின்றார். அவர் கண்ணால் கண்ட ஒரே வெற்றியில் அவர் தோற்ற கட்சி.

அதைப் பற்றி முழுசாக வருத்தப்படக்கூட அவருக்கு நேரம் கிடைக்கவில்லை. மெஷின் கூவியது. நீளமாக, ஆலைச் சங்கு மாதிரியே கூவியது.

தழையைப் போட வேண்டிய நேரம். மாரக்காள் கிள்ளி வைத்த புதினாவும் கொத்தமல்லியும் கற்பூரவல்லியும் தட்டில் தயாராக இருந்தன. ஆனால் சங்கு ஊதினால் ஆலைத் தொழிலாளிக்கு ஒன்றுதான் தெரியும். மூன்று பேரும் பட்டென்று எழுந்தார்கள். துண்டை உதறித் தோளில் போட்டார்கள். தூக்குப்போசியை எடுத்தார்கள். வரிசையாக வாசலைத் தாண்டிப் போய்விட்டார்கள்.

சென்னியப்பன் தன் வீடு போய்ச் சேர்ந்தார். ரசாக்கு தன் வீடு போய்ச் சேர்ந்தார். ஒண்டிமுத்து பஸ் ஸ்டாப்பில் நின்றுகொண்டிருந்தார். கேஸ் சிலிண்டர் போடுகிற துரைக்கண்ணு வண்டியை நிறுத்தி, “எங்கீங்க போகோணும்?” என்று கேட்டார்.

“ஊட்டுக்கு.”

துரைக்கண்ணு அவரை ஏற்றிவந்து, அவர் கிளம்பிய வாசலிலேயே இறக்கிவிட்டார். “இன்னைக்குச் சீக்கிரம் வந்துட்டீங்க,” என்றாள் மாரக்காள்.

சாயங்காலம் பொதுக்குழு கூடியது. ரொட்டி வெந்து முடிந்திருந்தது. உப்பவில்லை. பாத்திரத்தைக் கவிழ்த்தபோது டொங்கென்று விழுந்து, தரையில் சின்னதாகக் காரை பெயர்ந்தது. தழையை எப்படியும் போட்டாக வேண்டுமே என்று ஒண்டிமுத்து அதை ரொட்டியின் மேல் தூவினார். பார்ப்பதற்குச் சமாதிக்கு மரியாதை செய்த மாதிரி இருந்தது. மாரக்காள் அரிவாள்மனையில் வைத்துப் பார்த்தாள். அரிவாள்மனைதான் வளைந்தது. கடைசியில் சுத்தியலால் ஒரு துண்டு உடைத்து, டீயில் நெடுநேரம் ஊறவைத்து, ரசாக்கு வாயில் போட்டார். கன்னத்தில் ஒதுக்கினார். யோசித்தார்.

“கல்லு மாதிரி இருக்குது,” என்றார். “ஆனா அதுக்குத் தொழிலாளி பொறுப்பில்லீங்க. நிர்வாகக் கோளாறு.”

ஒண்டிமுத்து கண்ணை மூடிக்கொண்டார்.

“அப்ப உங்க ஓட்டு எனக்குத்தானுங்களே?” என்றார் சென்னியப்பன் பல்லெல்லாம் தெரிய.

“உங்களுக்கு எதுக்குங்க? நீங்க என்னத்தப் போராடி ஜெயிச்சீங்க?” ரசாக்கு எழுந்து நின்றார். “இந்த ரூமுல போராடி ஜெயிச்ச ஆளு ஒருத்தருதான். ஃபேன் கேட்டாரு, வந்துச்சு. டீ கேட்டாரு, வந்துச்சு. நாற்காலி கேட்டாரு, இதா உக்காந்திருக்காரு. தலைவர் பதவிக்கு நான் அவரை முன்மொழியறேன்.”

எல்லோரும் மெஷினைப் பார்த்தார்கள். அது ஃபேன் காற்றில் அமைதியாக உட்கார்ந்திருந்தது.

“அது மெம்பரே இல்லையே!” என்று கத்தினார் ஒண்டிமுத்து.

“தொழிலாளி சங்கத்துல சேர்றத முதலாளி தடுக்கலாமுங்களா?”

இதே கேள்வியை ஒண்டிமுத்துவே முப்பது துண்டறிக்கையில் கேட்டிருக்கிறார்.

“ஆதரிக்கறவங்க கை தூக்குங்க!” என்றார் ரசாக்கு, தன் கையைத் தூக்கி. தனக்கில்லாதது ஒண்டிமுத்துவுக்கும் போகக் கூடாது என்று சென்னியப்பன் தூக்கினார். உற்சாகம் தாங்காமல் ரசாக்கு, “போராட்டம் வெல்லட்டும்!” என்று ஒரு கோஷமும் போட்டுவிட்டார். ஒண்டிமுத்துவின் முஷ்டி தானாக மேலே போனது. பிடித்து இறக்குவதற்குள் எண்ணிவிட்டார்கள்.

ஏகமனதான முடிவு.

சங்க விதிப்படி, விலகும் தலைவர்தான் புதுத் தலைவர் பெயரை வெளியாட்கள் இரண்டு பேர் முன்னால் உரக்க வாசிக்க வேண்டும். மாரக்காளை அடுப்படியிலிருந்து அழைத்தார்கள். சிலிண்டர் இறக்க வந்து டீ குடித்துக்கொண்டிருந்த துரைக்கண்ணுவையும் பிடித்து நிறுத்தினார்கள்.

“பேரு என்னங்க?” என்றார் சென்னியப்பன்.

ஒண்டிமுத்து மெஷினைத் திருப்பினார். விரல் சுட்டது. ஊதிக்கொண்டே பார்த்தார். பின்பக்கம் மஞ்சள் காகிதம் ஒட்டி, கறுப்பில் பெரிதாக எழுதியிருந்தது. எழுத்துக்கூட்டினார்.

“மொதல்ல டேஞ்சர்னு போட்டிருக்குது. அதுக்குப் பொறவு ஹாட் சர்ஃபேஸ்.”

“மொதல்ல இருந்தா அது தகப்பனார் பேருங்க,” என்றார் சென்னியப்பன்.

“டேஞ்சரா?” என்றார் ரசாக்கு, மரியாதையாகக் குரலைத் தாழ்த்தி. “ஊர்ல இருக்கிற டிரான்ஸ்பார்மர்ல எல்லாம் அவங்கப்பாரு பேருதானுங்க எழுதியிருக்குது. பெரிய குடும்பம்.”

சாட்சிகள் இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். ஒண்டிமுத்து துண்டைச் சரிசெய்து, தொண்டையைக் கனைத்து, மேடைக் குரலை வரவழைத்துக்கொண்டு தெரு வரைக்கும் கேட்கிற மாதிரி வாசித்தார்:

“நமது சங்கத்தின் புதிய தலைவர், தோழர் டே. ஹாட்சர்ஃபேஸ்!”